உழைச்செல்வாள்

எங்கள் ஊர் மாதா கோயிற் பெருநாளுக்கு மூன்று வாரம் இருக்கையில், கோயில் மூப்பரும் அவருடன் இளைஞர் ஒருவரும் ஒரு மாலைப் பொழுதில் என் இல்லம் தேடி வந்தனர். கிறித்தவ அன்பர்கள் சைவனாகிய என்னிடம் இவ்வாறு வருவது புதிதன்று. அழைப்பிதழிற் சந்திப்பிழை திருத்துதற்கும் நினைவு மலருக்கு இரங்கற்பாப் பாடுதற்கும் ஊரிற் பண்டிதன் ஒருவன் இருந்தாற் போதும். அவன் நெற்றியில் யாது இருக்கிறது என்று பார்க்கும் வழக்கம் எங்கள் பக்கத்தில் இல்லை.

"பெருநாளண்டு பின்னேரம் எங்கட மண்டபத்தில கோயிலக்காவுக்குப் பொன்னாடை போர்க்கிறதாய் இருக்கிறம். ஐயா ஒரு வாழ்த்துப்பா எழுதித் தரவேணும்" என்றார் மூப்பர். கண்ணாடிச் சட்டத்துள் அடங்கவேண்டும் ஆதலின் எட்டு விருத்தத்துக்கு மேற் போகலாகாது என்பது இளைஞர் விதித்த எல்லை. யானும் உடன்பட்டேன். எட்டு விருத்தம் எனக்கு ஒரு மாலைப் பொழுதின் வேலை.

கோயிலக்கா என்பது ஊரார் இட்ட பெயர். அவர் கன்னியர் மடத்தைச் சேர்ந்தவர் அல்லர்; தாதிப் பயிற்சி பெற்றவரும் அல்லர். எட்டாம் வகுப்புடன் பள்ளியை விட்டு, வலை பின்னியும் சட்டை தைத்தும் சீவித்தவர்; இப்போது அறுபத்தைந்தைக் கடந்தவர். நாள்தோறும் காலைப் பூசை முடிந்ததும் கோயில் வாசலிலிருந்து பழைய சைக்கிள் ஒன்றிற் புறப்படுவார். அதன் கைபிடியில் ஓர் ஓலைப்பை தொங்கும். பழைய வேட்டியிற் கிழித்த துண்டுகள், துவாய், சவர்க்காரம், நகம் வெட்டி, சவர அலகு, ஒடிக்கொலோன் போத்தில் ஒன்று ஆகிய இவையே அதனுள் இருப்பன. பாயிற் கிடப்போர் உள்ள வீடுகளுக்கு அவர் செல்வார். ஒரு வீட்டிற் கிழவியின் தலை வாரிப் பேன் எடுப்பார். ஒரு வீட்டில் முதியவருக்கு முகம் வழித்துவிடுவார். ஒரு வீட்டில், சொல்லக் கூசும் வேலை எதுவோ அதனைச் செய்வார். இதற்கு யாரும் அவருக்குச் சம்பளம் கொடுப்பதில்லை.

அன்றிரவு ஏடும் எழுதுகோலுமாய் அமர்ந்தேன். முதல் விருத்தத்திலே தடைப்பட்டேன்.

வாழ்த்துப்பா இயற்றுதற்கு ஒரு மரபு உண்டு. நாட்டு வளம், ஊர்ச் சிறப்பு, குடிப்பெருமை, கல்வி, பதவி, ஈகை என்று அது படிப்படியாக ஏறிச் செல்லும். பாடாண் திணை என்று தொல்காப்பியர் வகுத்த பெருநெறியின் கடைசிக் கிளையாக இதனைக் கொள்ளலாம். அரசரையும் வள்ளலையும் பாடிய அந்நெறி தேய்ந்து, இன்று ஓய்வுபெறும் அதிபர்களிடம் வந்து நிற்கிறது. யானே இத்தகைய வாழ்த்துப்பாக்கள் எத்தனையோ பாடியிருக்கிறேன். உண்மையைச் சொல்வதாயின், ஓர் அதிபருக்குப் பாடியதனைப் பெயர் மட்டும் மாற்றி மற்றோர் அதிபருக்குப் படித்தாலும் எதுகை கெடாது. கேட்போருக்கும் வேறுபாடு தோன்றாது. ஆனால் கோயிலக்காவுக்குக் குடிப்பெருமை என்று எதனைப் பாடுவது? பட்டம் இல்லை, பதவி இல்லை, கொடுத்தற்குக் கையிற் பொருளும் இல்லை. கருணைக்கடல், அன்புத்தெய்வம், நடமாடுங் கோயில் என்னும் சொற்களே எழுதுகோலின் நுனியில் வந்து நின்றன. அவற்றை எழுதினால், அவர் காலையில் எழுந்து என்ன செய்கிறார் என்பது எவருக்கும் விளங்காது.

செய்தி வேண்டும் என்று கருதி மறுநாள் அவர் வீட்டுக்குச் சென்றேன். முற்றத்தில் துணி காயப் போட்டுக்கொண்டிருந்தார். வந்த காரியத்தைச் சொன்னேன்.

"ஐயோ பண்டிதர், உதை விடுங்கோ. நீங்கள் எழுதி, அவை மேடையில வாசிச்சால், இன்னார் வீட்டுக்குப் போனன், இன்னாரைக் கழுவினன் எண்டு ஊருக்குத் தெரிஞ்சுபோம். பேந்து அந்த வீடுகளுக்கு நான் எப்பிடிப் போறது? அந்தச் சனம் என்ர முகத்தில முழிக்குமோ?"

அவையடக்கமாகப் பேசுகிறார் என்று வந்தபோது எண்ணியிருந்தேன். இது அவையடக்கம் அன்று, தொழில் நுட்பம். பாயிற் கிடப்போரின் வெட்கத்தைக் காப்பதும் தம் வேலையின் ஒரு பங்கு என்று அவர் அறிந்திருந்தார். சற்றுநேரம் இருவரும் பேசாதிருந்தோம். பின்னர் அவரே, "மாஸ்ரரைப் பற்றி வேணுமெண்டால் எழுதுங்கோ. அவர் உங்கட ஆள்தானே" என்றார்.

அச்சொல்லைக் கேட்டு யான் தலைகுனிந்தேன். ஏனென்று சொல்லுதல் வேண்டும்.

மாஸ்ரர் என்று அவர் குறித்தது எனக்கு இலக்கணம் பாடஞ்சொன்ன ஆசிரியரை. 2016 இல் அவருக்குப் பாரிசவாதங் கண்டது. வலப்பக்கம் முழுவதும் விழுந்துவிட்டது. மனைவியார் முன்னரே காலமாகிவிட்டார். மைந்தர் இருவரும் கடல் கடந்த தேசங்களில். அவர்கள் பொறுப்பற்றவர்கள் அல்லர். மாதந்தோறும் பணம் வந்தது. கிழமைதோறும் கைத்தொலைபேசியில் முகம் காட்டினர். ஆனால் கிடப்பவரைப் புரட்டிவிடக் கைத்தொலைபேசியால் ஆகாதே. அயலில் இருந்த உறவினர் சோறு சமைத்துக் கொடுத்தனர். அதற்கு மேற்பட்டதை எல்லாம் கோயிலக்கா செய்தார். இரண்டு ஆண்டும் நான்கு மாதமும் செய்தார்.

மாஸ்ரர் திருநீறு இல்லாமல் நீரும் அருந்தாத பழஞ்சைவர். அக்கா அவரைத் துடைத்து வேட்டி மாற்றிய பின், தம் கையைச் சவர்க்காரமிட்டுக் கழுவி, சுவரில் மாட்டியிருந்த சம்படத்திலிருந்து திருநீறு எடுத்து அவர் நெற்றியிற் பூசிவிடுவார். அக்காவின் கழுத்திற் செபமாலை தொங்கும். நாளடைவில் மாஸ்ரரின் நினைவு தடுமாறத் தொடங்கிற்று. இறந்துபோன தம் தமக்கையாரின் பெயரைச் சொல்லி அக்காவை அழைப்பார். "ஓம் தம்பி, இஞ்சதான் நிக்கிறன்" என்று அவர் விடைகொடுப்பார்.

யான் சனிக்கிழமைதோறும் செல்வேன். பாடபேதம் ஏதாவது ஒன்றை எடுத்துச் சென்று வினாவுவேன். நினைவு தெளிந்த நாட்களில் ஆசிரியர் இரண்டு சொல்லில் ஐயந் தீர்ப்பார். அது எனக்குப் பெரும் பேறாக இருந்தது. ஒரு சனிக்கிழமை, யான் பேசிக்கொண்டிருந்தபோதே படுக்கை நனைந்தது. வாடை எழுந்தது. கைத்தொலைபேசி ஒலித்தது போலப் பாவனைசெய்து எழுந்து விறாந்தைக்குப் போனேன். அக்கா சமையலறையிலிருந்து வந்து, யாதும் பேசாமல் என்னைக் கடந்து உள்ளே சென்றார். கால் மணி நேரம் கழிந்து யான் திரும்பிச் சென்றபோது, ஆசிரியர் வெள்ளை வேட்டியும் வெண்ணீறுமாய்க் கிடந்தார். விட்ட இடத்திலிருந்து பாடபேதத்தைத் தொடர்ந்தோம்.

2018 இல் அவர் மறைந்தார். முப்பத்தோராம் நாள் வெளியிட்ட கல்வெட்டை இயற்றியவன் யானே. குலமரபு கூறி, புலமை போற்றி, பிரிவாற்றாமையைப் பலர் கூற்றாக வைத்துப் பாடினேன். இறுதிப் பக்கத்தில் நன்றி நவிலல். வைத்தியர்கள், மைந்தர்கள், மருமக்கள், உறவினர், அயலவர், மலர்வளையம் சாத்தியோர், மாணாக்கர் என்று நிரை நிரையாகப் பெயர்கள். மாணாக்கருள் முதற்பெயர் என்னுடையது. கோயிலக்காவின் பெயர் அதில் இல்லை. அந்நூலில் நேர்ந்த அச்சுப்பிழை இரண்டையும் அன்றே கண்டு வருந்தினேன். இந்தப் பிழை எனக்குத் தோன்றவே இல்லை. மூப்பர் என் வீட்டுக்கு வந்த அந்த மாலையிலுங்கூடத் தோன்றவில்லை. "அவர் உங்கட ஆள்தானே" என்று அக்கா சொன்னபோதுதான் தோன்றிற்று.

இதில் ஒரு விந்தையும் உண்டு. திருக்குறளில் மருந்து என்னும் அதிகாரத்தை யான் மாணவருக்கு முப்பது ஆண்டுகளாக நடத்திவருகிறேன். அதன் இறுதிக் குறளில் மருத்துவத்தின் கூறுகளாக வள்ளுவர் நால்வகையை வைக்கிறார்: நோயுற்றவன், தீர்க்கும் மருத்துவன், மருந்து, உழைச்செல்வான். உழை என்பது பக்கம். நோயாளியின் பக்கத்தில் நின்று வேண்டுவன செய்வோன் உழைச்செல்வான். அவனுக்கு வேண்டிய இயல்புகளைப் பரிமேலழகர் எண்ணிக் காட்டியிருக்கிறார்: நோயாளியிடத்து அன்பு, மனமும் மொழியும் மெய்யும் தூய்மையாதல், சொல்லியதைச் சொல்லியவாறே செய்யும் ஆற்றல், அறிவு. வடமொழியிற் சரக சங்கிதையும் பணிவிடை செய்வோனை மருத்துவத்தின் நான்கு பாதங்களுள் ஒன்றாகவே கொள்கிறது. மருத்துவனுக்கும் மருந்துக்கும் ஒப்ப அவனும் ஒரு கால். அவன் இல்லையேற் கட்டில் நில்லாது. பரீட்சையில் இந்நான்கையும் எழுதாத மாணவருக்கு யான் புள்ளி குறைத்ததுண்டு. ஆயினும் என் ஆசிரியர் வீட்டில் அந்த நான்காவது கால் சைக்கிளில் வந்து இறங்கியதை யான் காணவில்லை.

வாழ்த்துப்பா நகரவில்லை என்பதறிந்த பங்குச் சுவாமியார், சிறு நூல் ஒன்றை அனுப்பிவைத்தார். பிரான்ஸ் தேசத்துப் புனிதை ழான் ஜுகான் என்பவரின் வரலாறு அது. "இதிலிருந்து உவமை எடுக்கலாம்" என்று ஒரு சீட்டும் எழுதியிருந்தார். உவமைக்காகவே திறந்தேன்.

1792 ஆம் ஆண்டு, பிரான்சின் வடமேற்குக் கரையில் உள்ள கன்கால் என்னும் மீனவ ஊரிற் பிறந்தவர் ழான். தந்தை கடலுக்குச் சென்று மீளாதவர். அப்போது குழந்தை பள்ளிப் பருவத்தையும் எட்டவில்லை. பதினாறு வயதளவிற் பெருமனை ஒன்றின் அடுக்களைக்கு வேலைக்குப் போனார். இருபத்தைந்தில் சென் செர்வான் என்னும் பட்டினத்து ஆஸ்பத்திரியிற் பணிபுரிந்து, ஆறாண்டில் உடல் நலிந்து விலகினார். பின்னர் ஒரு மூதாட்டிக்குப் பணிப்பெண்ணாய்ப் பன்னிரண்டு ஆண்டு. இவ்வாறே வயது நாற்பத்தேழாயிற்று. 1839 இன் மாரிக்காலத்தில், கண்ணிழந்து பக்கவாதமும் உற்றுக் கவனிப்பாரின்றிக் கிடந்த ஆன் ஷோவேன் என்னும் கைம்பெண்ணைத் தம் இருப்பிடத்துக்குக் கொண்டுவந்தார். ஒடுங்கிய படிக்கட்டில் அவரைத் தாங்கி ஏற்றித் தம் கட்டிலில் வளர்த்தி, தாம் மேற்கூரையின் கீழுள்ள பரணிற் படுத்துக்கொண்டார். பிறகு இன்னொரு முதியவர், பிறகு பன்னிருவர். கூடை ஒன்றைக் கையில் ஏந்தி வீடு வீடாக இரந்தே அவர்களை ஊட்டினார். ஒரு நாள் ஒருவன் சினந்து அவரை அறைந்தானாம். அறை எனக்கு, அது சரி. என் ஏழைகளுக்கு இனி யாது தருவீர் என்று கேட்டாராம் ழான். இச்செய்தி செவிவழியாக வழங்குவது.

துணைவியர் சேர்ந்தனர், அது ஒரு சபையாயிற்று. 1842 இல் அவரைத் தலைவியாகத் தேர்ந்தனர். 1843 டிசம்பரில் மீண்டும் தேர்ந்தனர். இரண்டு வாரம் கழியுமுன், அச்சபைக்கு வழிகாட்டியாய் இருந்த லெ பாய்யர் என்னும் குருவானவர் அத்தேர்தலைச் செல்லாதென்று தள்ளி, இருபத்து மூன்று வயதான மரி ழாமே என்பவரைத் தலைவியாக்கினார். ழான் மறுசொல் சொல்லாமற் கூடையை எடுத்துக்கொண்டு மீண்டும் தெருவில் இறங்கினார். 1852 இல் தெருவிலிருந்தும் அவர் அழைக்கப்பட்டார். கன்னியர் தலைமை இல்லத்தின் ஒரு மூலையில், புதிதாய்ச் சேர்ந்த பெண்களோடு கைவேலை செய்துகொண்டிருக்கும்படி வைக்கப்பட்டார். அங்கே இருபத்தேழு ஆண்டு. இதற்கிடையிற் சபையின் வரலாறு மாற்றி எழுதப்பட்டது. தொடங்கியவர் அக்குருவானவரும் இளம்பெண்கள் இருவரும். ழான் பின்னர் வந்து சேர்ந்தவர் என்பது அதன் சாரம். 1879 ஆகஸ்டில் அவர் மறைந்தபோது அச்சபையில் ஏறத்தாழ 2,400 சகோதரிகள் இருந்தனர். அவர்களுட் பலருக்கு, தமக்கு அருகிலிருந்து தைத்துக்கொண்டிருந்த கிழவி யாரென்பது தெரியாது.

இவ்வளவும் படித்துவந்த யான் ஓரிடத்திற் புத்தகத்தை மடித்து வைத்தேன். உவமை கிடைத்ததனால் அன்று. பொய் வரலாற்றை எழுதிய அக்குருவானவர்மீது எனக்குச் சினம் வந்தது. வந்த சினம், என் வீட்டு அலுமாரியில் இருந்த கல்வெட்டுப் புத்தகத்தின்மேற் போய் விழுந்தது. அவர் அறிந்து செய்தார். யான் அறியாமற் செய்தேன். விடுபட்ட பெயருக்கு இரண்டும் ஒன்றே.

மீண்டும் திறந்தபோது எதிர்பாராத ஒன்றைக் கண்டேன். 1844 இன் இறுதியில், சென் செர்வான் நகரபிதாவும் ஊர்ப் பெரியோரும் கையொப்பமிட்டு, பாரிசில் உள்ள பிரெஞ்சு அக்கடமிக்கு ஒரு விண்ணப்பம் அனுப்பியிருந்தனர். நற்செயல் புரிந்த எளியோருக்கென மோந்தியோன் பிரபு நிறுவிய பரிசுக்கு ழானின் பெயரை முன்மொழிந்த பத்திரம் அது. இன்னார், இன்ன ஆண்டில், இன்ன கிழவியைத் தம் வீட்டுக்கு ஏற்றார். பின்னர் இத்தனை பேர். ஊட்டுவது இவ்வாறு என்று நடந்ததை நடந்தபடி கூறுவது. 1845 டிசம்பர் 11 ஆம் நாள் அக்கடமி அவருக்கு 3,000 பிராங்கு பரிசளித்தது. துப்பேன் என்னும் சட்ட அறிஞர் அவர் செயலை எடுத்து அவையிற் பேசினார். அப்பேச்சின் அச்சுப்படியைக் கூடையில் வைத்துக்கொண்டு ழான் பிற நகரங்களில் இரந்தார் என்பது ஒரு சுவையான செய்தி. அச்செடுத்த புகழை அவர் போலப் பயன்படுத்தியோர் சிலரே! அது நிற்க. அவர் மறைந்து ஆண்டுகள் பல சென்றபின் உண்மையைத் தேடினோர்க்கு, யார் தொடங்கினார் என்பதை ஐயமறக் காட்டிய சான்றுகளுள் அந்தப் பத்திரமும் ஒன்று. பொய் வரலாறு எழுந்தது பின்னர். ஊரார் கையொப்பம் முன்னரே இருந்தது. லெ பாய்யர் 1890 இல் உரோமைக்கு அழைக்கப்பட்டுப் பொறுப்பிலிருந்து நீக்கப்பட்டார். 1982 இல் ழானுக்கு முத்திப்பேறு பெற்றவர் என்னும் பட்டமும், 2009 ஒக்ரோபர் 11 இல் புனிதர் பட்டமும் கிடைத்தன.

அந்த ஊர்ப் பெரியோருள் ஒருவராவது ழானைக் கருணைக்கடல் என்று மட்டும் எழுதிக் கையொப்பமிட்டிருந்தால், அந்தத் தாளினால் யாருக்கும் ஒரு பயனும் விளைந்திராது.

அன்றிரவே வாழ்த்துப்பாவைக் கைவிட்டு உரைநடையில் எழுதினேன். கோயிலக்காவின் முழுப்பெயர், பிறந்த ஆண்டு, இப்பணியைத் தொடங்கிய ஆண்டு, புறப்படும் நேரம், பையில் உள்ள பொருள்கள் ஆகியவற்றைக் குறித்தேன். பிற வீடுகளைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. என் ஆசிரியர் வீட்டைப் பற்றி மட்டும் விரிவாக, இரண்டு ஆண்டும் நான்கு மாதமும் அவர் செய்ததைச் செய்தபடி எழுதினேன். 2018 இல் யான் வெளியிட்ட கல்வெட்டில் இவர் பெயர் விடுபட்டது என் பிழை என்பதையும் எழுதிக் கையொப்பமிட்டேன். மூன்று பக்கம் வந்தது. சட்டத்துள் அடங்காது என்று இளைஞர் முகஞ் சுளித்தார், மூப்பர் சமாளித்துக்கொண்டார்.

மேடையில் வாசிக்குமுன் அக்காவிடம் வாசித்துக் காட்டவேண்டும் என்று சென்றேன். நிலத்தில் இருந்து, சுளகில் அரிசி புடைத்தபடியே கேட்டார். இரண்டிடத்தில் நிறுத்தச் சொன்னார்.

"நாள்தோறும் எண்டு எழுதியிருக்கிறியள். ஞாயிற்றுக்கிழமை நான் போறேல்லை. ஞாயிறு பூசை, பேந்து தங்கச்சி வீடு. அண்டைக்கு மாஸ்ரரைப் பாத்தது முன்வீட்டுப் பொடியன். அவன்ர பேரையும் போடுங்கோ."

திருத்தினேன்.

"மற்றது, கடைசி மாதம் மாஸ்ரருக்கு இடுப்புக்குக் கீழ புண் வந்தது. நாலு நாள் எனக்குக் காய்ச்சல், நான் போகேல்லை. பிரட்டிவிட ஆளில்லை, வந்திட்டுது. அது மாறவே இல்லை. அதை எழுதேல்லை நீங்கள்."

"அதை ஏன் அக்கா எழுதவேணும்?"

"நடந்ததை எழுதிறன் எண்டுதானே சொன்னீங்கள்?"

எழுதினேன். அந்நான்கு நாளில் ஒரு சனிக்கிழமையும் இருந்திருக்கவேண்டும். யான் சென்றிருப்பேன், பாடபேதம் பேசிவிட்டுத் திரும்பியிருப்பேன். அதனை அவர் சொல்லவில்லை.

பெருநாளன்று அவர் மண்டபத்துக்கு வந்து முன்வரிசையில் அமர்ந்திருந்தார். பொன்னாடையை மறுக்கவில்லை. மூப்பர் வாசித்து முடிக்கப் பத்து நிமிடங்கூட ஆகவில்லை. விருத்தம் கேட்க வந்த அன்பர்கள் சிலருக்கு ஏமாற்றந்தான். பண்டிதருக்கு வயது போய்விட்டது என்று ஒருவர் சொன்னதாகவும் பின்னர் அறிந்தேன். முன்வீட்டுப் பையன் இப்போது இரண்டு பிள்ளைகளுக்குத் தந்தை. தன் பெயர் வாசிக்கப்பட்டபோது கதவருகில் நின்று தலையைச் சொறிந்தான்.

கூட்டம் கலைந்தபின் அக்கா என்னிடம் வந்தார். "பண்டிதர், வாற சனிக்கிழமை உங்களுக்கு வேலையோ? ஒரு வீட்டில ஆள் கொஞ்சம் பாரம். எனக்கும் இப்ப முந்தின மாதிரி ஏலாது. மற்றப் பக்கம் பிடிக்க ஒரு ஆம்பிளை வேணும்."

சென்றேன். எந்த வீடு என்று இங்கே சொல்லப்போவதில்லை. கிடப்பவரின் தோளிலிருந்து தொடை வரையும் அடியில் ஒரு துணி விரித்திருந்தது. அதன் ஓரத்தை உடம்போடு ஒட்டச் சுருட்டிப் பிடிக்கவேண்டும் என்றார் அக்கா. இழுக்கக் கூடாது, இழுத்தாற் தோல் உரிந்துவிடும். இருவரும் ஒரே நேரத்தில் தூக்கவேண்டும். யான் முதலில் பிடித்த பிடி பிழை. என் விரல்களைத் தம் கையால் எடுத்து, துணியின்மேல் மாற்றி வைத்தார்.

"இப்ப சரி. நான் சொல்லேக்கை தூக்குங்கோ" என்றார்.